யாருடைய பிள்ளைகள் அதிகம்?

"சனம் கூடிப்போச்சு." கொழும்பில் இருப்பவர்கள் வாரத்துக்கு ஒரு தடவையாவது இதைக் கேட்டிருப்பார்கள். காலையில் ஆமர் வீதிச் சந்தியில் பஸ் அசையாமல் நிற்கும்போது யாராவது சொல்வார்கள். அரசாங்க ஆஸ்பத்திரியில் கிளினிக் துண்டோடு காத்திருப்பவர் சொல்வார். பிள்ளைக்கு முதலாம் வகுப்பில் இடம் கிடைக்காத தாய் சொல்வாள். அவர்களுடைய களைப்பு உண்மையானது, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் பேச்சு அதோடு நிற்பதில்லை. கொஞ்சம் பேச்சுக் கொடுத்தால் அடுத்து வருவது: "அவங்கதான் பெத்துத் தள்ளுறாங்க." யார் அந்த அவங்க என்பது பேசுபவரைப் பொறுத்து மாறும். தோட்டத்துச் சனம், முஸ்லிம்கள், வத்தை என்ற நெருக்கமான சேரிக் குடியிருப்புகளில் இருப்பவர்கள், கொஞ்சம் உலகச் செய்தி பார்ப்பவராக இருந்தால் ஆப்பிரிக்கர்கள். நான் மலையகத்திலிருந்து கொட்டாஞ்சேனைக்கு வந்த குடும்பத்தில் பிறந்தவள். எங்கள் பேர் அந்தப் பட்டியலிலிருந்து ஒருநாளும் விடுபட்டதில்லை. அதனால் உலக மக்கள் தொகைப் பெருக்கம் எனக்கு வெறும் புள்ளிவிபரமாகத் தெரிவதில்லை.

முதலில் கணக்கைப் பார்த்துவிடுவோம். மனித இனம் முதல் நூறு கோடியைத் தொட்டது 1804ஆம் ஆண்டளவில். 1960இல் முந்நூறு கோடி. அதற்குப் பிறகு 1974இல் நானூறு, 1987இல் ஐந்நூறு, 1999இல் அறுநூறு, 2011இல் எழுநூறு. 2022 நவம்பர் 15ஆம் திகதியை எண்ணூறு கோடி நாளாக ஐ.நா. குறித்தது. பன்னிரண்டு வருடத்துக்கு ஒரு நூறு கோடி என்பது பயமுறுத்தும் வேகம்தான். அதே நேரத்தில், 1960களில் வருடத்துக்கு நூற்றுக்கு இரண்டுக்கு மேல் இருந்த வளர்ச்சி வீதம் இப்போது ஒன்றுக்கும் கீழே வந்துவிட்டது. 2080களின் நடுவில் ஏறத்தாழ 1030 கோடியில் உச்சத்தைத் தொட்டு, பிறகு மெல்ல இறங்கும் என்பது ஐ.நா.வின் 2024 மதிப்பீடு. வீதம் குறைந்தும் தொகை கூடுவதற்குக் காரணம் எளிது: நாளைக்குத் தாயாகப் போகிறவர்கள் ஏற்கெனவே பிறந்துவிட்டார்கள். அவர்கள் ஆளுக்கு இரண்டு பிள்ளை மட்டும் பெற்றாலும் தொகை இன்னும் சில பத்தாண்டுகளுக்கு ஏறிக்கொண்டுதான் இருக்கும்.

சரி, கொழும்புக்கு வருவோம். இங்கே நாம் கண்ணால் பார்க்கும் நெரிசலுக்கும் பிறப்புக்கும் அவ்வளவு தொடர்பில்லை. கொழும்பு மாநகரசபை எல்லை முப்பத்தேழு சதுர கிலோமீட்டர் சொச்சம். அதற்குள் வசித்தவர்கள் 2001 கணக்கெடுப்பில் ஆறு லட்சத்து நாற்பதாயிரத்தை ஒட்டி இருந்தார்கள். 2012இல் ஐந்து லட்சத்து அறுபத்தோராயிரம். தொடர்மாடிகள் வானத்துக்கு எழும்பிய அதே காலத்தில் நகரத்தில் ஆட்கள் குறைந்திருக்கிறார்கள். வாழக் கட்டுப்படியாகாதவர்கள் கம்பஹாவுக்கும் களுத்துறைக்கும் போனார்கள். 2024 கணக்கெடுப்பில் நாட்டிலேயே ஆகக்கூடிய ஆட்கள் இருக்கும் மாவட்டம் கம்பஹா, கொழும்பு அல்ல. ஆனால் கந்தோர், கச்சேரி, பெரிய ஆஸ்பத்திரி, பெரிய பள்ளிக்கூடம், துறைமுகம் எல்லாம் இங்கேயேதான் இருக்கின்றன. விடிந்தால் அவ்வளவு பேரும் உள்ளே வரவேண்டும், பொழுதுபட்டால் வெளியே போகவேண்டும். வெள்ளவத்தையில் வெளிநாட்டிலிருப்பவர்கள் வாங்கிப் பூட்டி வைத்திருக்கும் வீடுகள் எத்தனையோ. முகத்துவாரத்தில் ஒரே அறையில் மூன்று தலைமுறை படுத்தெழும்புகிறது. இதைச் சனத்தொகைப் பிரச்சினை என்று சொன்னால், வீட்டையும் வேலையையும் இப்படிப் பிரித்து வைத்தவர்களைக் கேள்வி கேட்கவே முடியாமல் போய்விடும்.

இதை எனக்கு உறுதியாகப் புரியவைத்தது 2022. அந்த வருடம் இந்த நாட்டில் திடீரென்று யாரும் கூடிவிடவில்லை. 2021 நடுப்பகுதியில் சாப்பிட்ட அதே இரண்டு கோடிச் சொச்சம் பேர்தான். 2021இல் ஒரே இரவில் இரசாயன உரத்தைத் தடைசெய்தார்கள், நெல் விளைச்சல் விழுந்தது. டொலர் தீர்ந்தது. கேஸ் சிலிண்டரைச் சங்கிலியால் கட்டிப்போட்டுவிட்டு றோட்டோரத்தில் சனம் படுத்துக் கிடந்தது. அறுபது லட்சம் பேருக்கு மேல் உணவுப் பாதுகாப்பு இல்லாத நிலையில் இருப்பதாக உலக உணவுத் திட்டம் அறிவித்தது. உலகம் எண்ணூறு கோடியைத் தொட்ட அன்றைக்கு நாங்கள் கியூஆர் கோட்டைக் காட்டி, வாரத்துக்கு இவ்வளவு லீற்றர் என்று பெற்றோல் அடித்துக்கொண்டிருந்தோம். பசி வருவதற்கு ஆட்கள் பெருகவேண்டிய அவசியமில்லை. ஒரு சில பேர் எடுக்கும் தீர்மானம் போதும்.

அப்படியென்றால் வேகமாகப் பெருகுவதில் சிக்கலே இல்லையா? இருக்கிறது. அதற்கு உலகத்தைச் சுற்றிப் பார்க்கத் தேவையில்லை, இலங்கையே அந்தப் பாதையில் நடந்து வந்த நாடு.

1934–35 மலேரியாக் கொள்ளைநோயில் இந்தத் தீவில் எண்பதாயிரம் பேருக்கு மேல் செத்தார்கள். 1935இல் பிறந்த ஆயிரம் குழந்தைகளில் 263 ஒரு வயதைக் காணவில்லை. நாலில் ஒன்றுக்கு மேல். பத்து வருடத்துக்குப் பிறகு, 1946இல் நுளம்பைக் கொல்லும் டி.டி.ரி. மருந்தைத் தெளிக்கத் தொடங்கினார்கள். அந்த வருடம் ஆயிரத்துக்கு இருபதாக இருந்த இறப்பு வீதம் அடுத்த வருடமே பதினான்காக இறங்கியது. உலகத்தில் சனத்தொகை படிப்பவர்கள் எல்லோருக்கும் தெரிந்த இறக்கம் இது. டி.டி.ரி. மட்டுமா காரணம், கூப்பன் அரிசியும் புதிதாகக் கட்டிய ஆஸ்பத்திரிகளும் சேர்ந்தா என்று இன்றைக்கும் வாதாடுகிறார்கள். எது காரணமானாலும் பிள்ளைகள் உயிரோடு இருந்தார்கள். 1946இல் அறுபத்தாறு லட்சமாக இருந்த நாடு 1981இல் ஒரு கோடியே நாற்பத்தெட்டு லட்சமானது.

தாய்மார் திடீரென்று அதிகமாகப் பெறத் தொடங்கியதால் இது நடக்கவில்லை, பெற்ற பிள்ளைகள் சாகாமல் இருந்ததால் நடந்தது. உலகத்தின் பெருக்கமும் பெரும்பாலும் இதுதான். மனிதர் செய்த மிகப் பெரிய நல்ல காரியத்தின் விளைவைப் பார்த்து முகம் சுளிப்பதை நான் ஒருபோதும் ஏற்கமாட்டேன்.

ஆனால் அந்தப் பிள்ளைகள் வளர்ந்தார்கள். மலேரியா குறைந்த 1947இல் பிறந்தவருக்கு 1971இல் இருபத்துநாலு வயது. 1945இல் வந்த இலவசக் கல்வியில், சொந்த மொழியில் படித்து, சோதனை பாஸ் பண்ணி, வேலைக்கு விண்ணப்பம் போட்டுக் காத்திருந்த தலைமுறை அது. தேயிலையையும் றப்பரையும் தேங்காயையும் நம்பியிருந்த பொருளாதாரத்தில் அவர்களுக்குக் கதிரை இல்லை. 1971 ஏப்ரலில் தெற்கில் இளைஞர்கள் ஆயுதம் தூக்கினார்கள். அதே வருடத்தில் பல்கலைக்கழக அனுமதியில் தரப்படுத்தல் வந்தது. தமிழ்மொழி மூல மாணவர்களுக்கு வெட்டுப்புள்ளி கூடியது. அதற்குப் பிறகு வடக்கில் என்ன நடந்தது என்பதை இதை வாசிக்கிறவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. போருக்குச் சனத்தொகைதான் காரணம் என்று சொல்ல வரவில்லை. அப்படிச் சொன்னால் தீர்மானம் எடுத்தவர்கள் தப்பிவிடுவார்கள். நான் சொல்வது இதுதான்: ஒரு நாடு முப்பத்தைந்து வருடத்தில் இரட்டிப்பானால், சோறு போதாமல் போவதற்கு முன்னமே இடம் போதாமல் போகிறது. வகுப்பில் இடம், கம்பஸில் இடம், கந்தோரில் இடம். இருக்கும் இடத்தை யாருக்குக் கொடுப்பது என்று கேள்வி வரும்போது, அரசாங்கங்கள் தலைகளை இனம் பிரித்து எண்ணத் தொடங்குகின்றன.

அந்த எண்ணிக்கையில் முதலில் வெட்டுப்பட்டவர்கள் மலையகத் தமிழரான நாங்கள். 1948 குடியுரிமைச் சட்டம் எங்களை நாடற்றவர்களாக்கியது. 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்துப் போட்டார்கள்: ஐந்து லட்சத்து இருபத்தையாயிரம் பேர் இந்தியாவுக்கு, மூன்று லட்சம் பேர் இலங்கைக்கு, மிச்ச ஒன்றரை லட்சத்தைப் பிறகு பார்ப்போம். பிரித்துக்கொடுத்த அந்த மனிதர்களிடம் யாரும் கேட்கவில்லை. 1953 கணக்கெடுப்பில் நூற்றுக்குப் பன்னிரண்டாக இருந்த இந்தியத் தமிழர் 2012இல் நூற்றுக்கு நாலு.

என் அம்மாயி மஸ்கெலியாப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் கொழுந்து பறித்தவர். பெற்றது ஒன்பது, மிஞ்சியது ஐந்து. செத்த நாலு பிள்ளைகளின் பேரையும் கடைசிவரை வரிசையாகச் சொல்வார். "எது தங்கும் எது போகும்னு யாருக்குத் தெரியும்? அதான் பெத்தோம்," என்பார். உலக மக்கள் தொகை பற்றி எவ்வளவோ வாசித்திருக்கிறேன். இதைவிடத் தெளிவான விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை. அம்மாவுக்கு நாங்கள் மூன்று பேர். மூன்றும் தங்கியது. எனக்கு இரண்டு. எங்கள் வீட்டில் யாரும் கூட்டம் போட்டுத் தீர்மானித்ததல்ல இது. பிள்ளை சாகாது என்ற நம்பிக்கை வந்தது, பெற்றுக்கொள்வது குறைந்தது. பெரும்பாலான நாடுகளில் அந்த வரிசையில்தான் நடந்திருக்கிறது.

ஆனால் எங்கள் ஆட்களிடம் அந்த வரிசையில் வரவில்லை, அல்லது வரும்வரை பொறுக்கவில்லை. நாட்டின் மற்ற இடங்களில் குழந்தை இறப்பு இறங்கிப் பல காலம் ஆனபிறகும் தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடுகளான லயங்களில் அது உயர்ந்தே இருந்தது. வைத்தியமும் பள்ளிக்கூடமும் தோட்ட நிர்வாகத்தின் கையில் கிடந்தன. அதே சமயம் கருத்தடை ஆப்பரேஷன் மட்டும் தோட்டத்துக்கு வேகமாக வந்து சேர்ந்தது. 1980களில் அதற்கு ஐந்நூறு ரூபாய் வரை அரசாங்கம் கொடுத்தது. கொழுந்து பறிக்கிற பெண்ணுக்கு அது பல நாள் சம்பளம். பெண்களுக்கான அந்தக் கருத்தடை ஆப்பரேஷனைக் குறிக்கும் எல்.ஆர்.ரி. என்ற மூன்று எழுத்து, எழுத வாசிக்கத் தெரியாத பெண்களுக்கும் தெரிந்திருந்தது; அதைத் தவிர வேறு வழிகள் இருக்கின்றன என்பது பலருக்குத் தெரியாது. விரும்பிச் செய்துகொண்டவர்கள் உண்டு, அவர்களுக்கு அது விடுதலை. ஆனால் அடுத்த மாதக் கடனுக்கு வழி தெரியாத ஒருத்தியிடம் காசைக் காட்டிக் கேட்பதை, அவளுடைய தெரிவு என்று சொல்ல என் மனம் ஒப்பாது. இந்தியாவில் நெருக்கடிநிலைக் காலத்தில், 1976இல், ஆள்பிடித்துச் செய்த லட்சக்கணக்கான ஆப்பரேஷன்களும், 1980 முதல் 2015 வரை சீனா வைத்திருந்த ஒற்றைப் பிள்ளைச் சட்டமும் இதன் பெரிய வடிவங்கள். பெருக்கத்தைப் பற்றிய பயம் எங்கெல்லாம் அரசின் கைக்குப் போனதோ அங்கெல்லாம் கத்தி ஏழைகளின் உடம்பில்தான் வைக்கப்பட்டது.

இப்போது ஆப்பிரிக்காவைப் பார்த்துச் சொல்லப்படுவதைக் கேட்கும்போது எனக்கு இதுதான் நினைவுக்கு வருகிறது. நைஜரில் ஒரு பெண்ணுக்குச் சராசரி ஆறு பிள்ளைகள். நாட்டின் பாதிப்பேர் பதினைந்து பதினாறு வயதுக்குக் கீழே. அங்கே பத்துப் பிள்ளைகளில் ஒன்றுக்கு மேல் ஐந்து வயதுக்கு முன்பே செத்துவிடுகின்றன. அம்மாயியின் கணக்கு அங்கே இன்னும் நடைமுறையில் இருக்கிறது. நைஜீரியாவில் ஒரு லட்சம் பிரசவத்துக்கு ஏறக்குறைய ஆயிரம் தாய்மார் சாகிறார்கள். இலங்கையில் அது முப்பதை ஒட்டி. வருடத்துக்கு நூற்றுக்கு மூன்று வளரும் நாடு இருபத்துமூன்று வருடத்தில் இரட்டிப்பாகும். அதாவது இன்றைக்கு இருக்கும் ஒவ்வொரு பள்ளிக்கூடத்துக்கும், ஒவ்வொரு கிணற்றுக்கும், ஒவ்வொரு லேபர் வார்டுக்கும் இன்னொன்றை இருபத்துமூன்று வருடத்துக்குள் கட்டினால்தான் அந்த நாடு இப்போது நிற்கும் இடத்திலாவது நிற்கமுடியும். முன்னேறுவது அதற்கும் மேலே. லாகோஸும் கின்ஷாசாவும் ஒன்றரைக் கோடி அளவுக்கு வீங்கியிருக்கும் நகரங்கள். தண்ணீர்க் குழாயும் கால்வாயும் அவற்றை எட்டிப்பிடிக்க முடியாமல் பின்னால் ஓடுகின்றன. இது உண்மையான, பெரிய சவால். 1971இல் நமக்கு நடந்தது அங்கே இன்னும் பெரிய அளவில் நடக்கக்கூடாது என்று உண்மையாகவே பயப்படுகிறேன்.

வழி இல்லாமல் இல்லை. இங்கேயே கிடந்த வழி அது. 1926இல் களுத்துறையில் முதல் சுகாதாரப் பிரிவு தொடங்கியது. நோய் வந்தபிறகு ஆஸ்பத்திரிக்கு வரட்டும் என்று காத்திராமல், வீட்டுக்குப் போய்ப் பார்க்கும் முறை. அதன் உயிர் மருத்துவமாது. கர்ப்பம் தரித்ததும் பெயரைப் பதிந்து, இரும்புச்சத்துக் குளிசை கொடுத்து, பிறந்த பிள்ளையை நிறுத்து அட்டையில் கோடு கீறி, "அடுத்ததுக்குக் கொஞ்சம் இடைவெளி விடுவமா?" என்று வீட்டுக் குசினியில் நின்று கேட்பவர். 1930களில் கொழும்பில் குடும்பத் திட்டக் கிளினிக்குக்கு வழிவகுத்தவர்களில் ஒருவர் டொக்டர் மேரி ரட்ணம், தமிழரைக் கட்டி இங்கேயே வாழ்ந்த கனடாக்காரி. அவருக்கு அன்றைக்குக் கிடைத்தது எதிர்ப்புத்தான். 1953இல் குடும்பத் திட்டச் சங்கம் வந்தது. அதற்கு இணையாக, சத்தமில்லாமல், பெண்பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் கூடக் காலம் இருக்கத் தொடங்கினார்கள். 1900களின் தொடக்கத்தில் பதினெட்டை ஒட்டியிருந்த பெண்களின் சராசரிக் கலியாண வயது 1970களில் இருபத்துமூன்றைத் தாண்டியது. ஒரு பெண்ணுக்கு ஐந்துக்கு மேல் இருந்த பிள்ளைகள் 2016 அளவில் இரண்டு சொச்சமாகியது. இதற்கு இலங்கை பணக்கார நாடாகும்வரை காத்திருக்கவில்லை. இதுதான் நான் எல்லோரிடமும் சொல்ல விரும்பும் விஷயம்.

சூழல் பற்றிக் கேட்பவர்களுக்கு ஒரு வார்த்தை. பூமிக்கு எத்தனை பேரைத் தாங்கமுடியும் என்று கேட்பதற்கு முன், எப்படிப்பட்ட எத்தனை பேரை என்று கேட்கவேண்டும். உலகின் ஆகப் பணக்காரப் பத்து வீதத்தினர்தான் மொத்தக் கரிவாயு வெளியேற்றத்தில் ஏறக்குறையப் பாதிக்குப் பொறுப்பு. ஒரு அமெரிக்கர் வருடத்துக்குப் பதினாலு தொன் அளவில் விடுகிறார், ஒரு இலங்கையர் ஒரு தொன் அளவில், நைஜர்க்காரர் பத்தில் ஒரு தொன் அளவில். ஆறு பிள்ளை பெற்ற அந்தத் தாயைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது எந்தக் கணக்கில் நியாயம்?

கொழும்பில் இதற்கு ஒரு பேர் உண்டு: மீதொட்டமுல்ல குப்பைமேடு. நகரம் முழுவதும் தின்று எறிந்தது நாளுக்கு எண்ணூறு தொன் வரை கொலன்னாவைப் பக்கத்துக்குப் போனது. முந்நூறு அடி மலையாக எழும்பியது. சுற்றியிருந்தவர்கள் எழுதினார்கள், ஊர்வலம் போனார்கள், அடிபட்டார்கள். 2017 ஏப்ரல் 14, சித்திரை வருடப்பிறப்பு அன்று பிற்பகல் அந்த மலை சரிந்து முப்பதுக்கும் மேற்பட்டவர்கள் புதைந்து செத்தார்கள். அந்தக் குப்பையில் அவர்கள் போட்ட பங்கு எவ்வளவு இருந்திருக்கும்? அந்தச் செய்தி வந்த நேரத்திலும், "அங்க ஏன் இவ்வளவு சனம் குடியிருந்தது?" என்று கேட்டவர்களை எனக்குத் தெரியும். அந்தக் கேள்வியை இன்னும் என்னால் மன்னிக்க முடியவில்லை.

இன்றைக்கு இலங்கையில் பேச்சு மறுபக்கம் திரும்பிவிட்டது. 2012க்கும் 2024க்கும் இடையில் வளர்ச்சி வருடத்துக்கு நூற்றுக்கு அரை வீதம்தான், கணக்கெடுப்பு வரலாற்றிலேயே ஆகக் குறைவு. 2019இல் மூன்று லட்சத்தைத் தாண்டியிருந்த பிறப்புகள் 2023இல் இரண்டரை லட்சத்துக்கும் கீழே. 2022இல் மட்டும் மூன்று லட்சம் பேருக்கு மேல் வெளிநாட்டு வேலைக்குப் போனார்கள். எங்கள் ஒழுங்கையில் பாதி வீடுகளில் வயதானவர்கள்தான், பிள்ளைகள் வீடியோ கோலில். "சனம் கூடிப்போச்சு" என்றவர்களே இப்போது "எங்கட சனம் குறையுது" என்கிறார்கள். இரண்டு பயமும் விரலை நீட்டுவது ஒரே ஆட்களை நோக்கித்தான். 2018 பெப்ரவரியில் அம்பாறையில், சாப்பாட்டில் மலட்டு மாத்திரை போட்டார்கள் என்ற வதந்தியை நம்பி முஸ்லிம் கடையையும் பள்ளிவாசலையும் அடித்தார்கள். அப்படியொரு மாத்திரை உலகத்திலேயே இல்லை.

இந்தப் பயங்களுக்குச் செலவாகும் நேரத்தில் பாதியையாவது, வேண்டிய காரியத்துக்குக் கொடுக்கலாம். உலகத்தில் இருபத்தைந்து கோடிக்கு மேற்பட்ட பெண்கள் கர்ப்பத்தைத் தள்ளிப்போட விரும்பியும் நம்பகமான கருத்தடை வழி கைக்கெட்டாமல் இருக்கிறார்கள் என்பது ஐ.நா. சனத்தொகை நிதியத்தின் கணக்கு. 2025இல் அந்த நிதியத்துக்கான உதவியை அமெரிக்கா வெட்டியது. நைஜரில் ஒரு கிளினிக் மூடப்பட்டால் அதன் விளைவு இருபது வருடத்துக்குப் பிறகு தெரியும், அப்போதும் யாராவது அந்தத் தாய்மாரைத்தான் திட்டுவார்கள். இங்கேயும் நெருக்கடிக்குப் பிறகு சுகாதார ஊழியர்கள் நாட்டைவிட்டுப் போய்க்கொண்டிருக்கிறார்கள். எங்கள் பகுதி மருத்துவமாது இப்போது பக்கத்துப் பகுதியையும் சேர்த்துப் பார்க்கிறார். போன மாதம் தங்கச்சியின் பிள்ளையை நிறுக்க வந்தவரிடம் தேத்தண்ணி குடித்துவிட்டுப் போகச் சொன்னேன். "இன்னும் பதினொரு வீடு இருக்கும்மா," என்று சொல்லிவிட்டுக் குடையை விரித்தார். அவருக்குத் துணையாக இன்னொருவரை நியமிக்கச் சொல்லி எங்கள் ஒழுங்கையில் கையெழுத்துச் சேர்க்கிறோம். கொட்டாஞ்சேனை, புளுமெண்டால் பக்கம் இருப்பவர்கள் இதை வாசித்தால், வந்து ஒரு கையெழுத்துப் போடுங்கள்.